ஆண் வாரிசு

"மேலங்கியைக் கழட்டுங்க, பிரபு."

சோதனை அதிகாரி ஹொசோமி அமைதியாகத்தான் சொன்னார். சபையில் ஒரு விசிறிகூட அசையவில்லை.

பிரபுவின் இருக்கையில் இருந்தவள் சயோ என்ற பெண். உண்மையான பிரபு கனேமிட்சு, அவளோடு பிறந்த இரட்டை. மூன்று வருடம் முன்பு அம்மை கண்டு இறந்துவிட்டான். அன்றே அவள் ஆண்களைப் போல முன்னந்தலையை மழித்து, அவன் உடையை மாட்டிக்கொண்டாள்.

ஆண் வாரிசு இல்லையென்றால் கோட்டையைத் தலைநகர் எடோவின் அரசு எடுத்துக்கொள்ளும். முந்நூறு குடும்பங்கள் தெருவில் நிற்கும். விஷயம் தெரிந்தவர் திவான் கிஹெய் ஒருவர்தான். ஆனாலும் பிரபு ஒரு பெண் என்று எடோவுக்கு யாரோ மொட்டைக் கடிதம் போட்டுவிட்டார்கள்; அதை விசாரிக்க வந்தவர்தான் ஹொசோமி.

"பொல்லாத ஆளும்மா," என்று காலையில்தான் கிஹெய் எச்சரித்திருந்தார். "ஆறு நாள் புழுதியில வந்தும், வெந்நீர் போட்டு வச்சா குளிக்க மாட்டேங்கிறாரு. உடை மாத்தக்கூட ஒருத்தரையும் கிட்ட சேர்க்கல. எங்க குத்திடுவோமோன்னு பயம்!"

இப்போது அதே கிஹெய் வாளில் கை வைத்து எழுந்தார். "எங்க பிரபுவை அவமானப்படுத்தினா, இங்கேயே ரத்தம் சிந்தும்!"

"உக்காருங்க கிஹெய்," என்றாள் சயோ, குரலைத் தாழ்த்தி.

ஹொசோமி புன்னகைக்கவில்லை. "எல்லாரும் வெளிய போங்க. நான் மட்டும் பாத்தாப் போதும்."

கதவுகள் மூடின. சயோ குறுவாளை முழங்காலருகே இழுத்து வைத்துக்கொண்டாள். விஷயம் வெளியானால் அவளுக்கு மிச்சம் இருப்பது அது ஒன்றுதான்.

"தப்பு முழுக்க என்னோடது. கிஹெய் தலைக்கு மட்டும் ஒண்ணும் வரக்கூடாது."

சொல்லிவிட்டு முடிச்சை அவிழ்த்தாள். மேலங்கி சரிந்தது. மார்பைச் சுற்றி வரிவரியாக வெள்ளைத் துணி. அதன் விளிம்பில் தோல் கன்றிச் சிவந்திருந்தது.

ஹொசோமி பார்த்தார். சிவந்த இடத்தையே வெகுநேரம் பார்த்தார். பிறகு கதவுப் பக்கம் திரும்பி உரக்கச் சொன்னார்:

"எழுத்தரே, எழுதிக்கோங்க! நேர்ல பாத்தாச்சு. ஆம்பளைதான். புகார் பொய்!"

வெளியே கிஹெய் விம்மி அழுவது கேட்டது. சயோ ஒன்றும் புரியாமல் நிமிர்ந்தாள்.

"ஏன்... எதுக்காக?"

ஹொசோமி குனிந்து, அவள் மேலங்கியை இழுத்துப் போர்த்தினார். காதருகே மெல்லச் சொன்னார்:

"இவ்ளோ இறுக்காதே, கண்ணு. நாப்பது வருஷமா கட்டுறவ சொல்றேன்."