ரோட்டுப் பக்க வாசல்

டேப்பின் ஒரு முனையை லேத் பட்டறைக்காரர் பிடித்துக்கொண்டார். மறுமுனை என் கையில்.

அவருடைய மூலை வீட்டைத்தான் அளந்துகொண்டிருந்தோம். ஒரு பக்கம் பெரிய ரோடு, ஒரு பக்கம் சந்து.

தன் காலத்துக்குப் பிறகு மகளுக்கு என்று வீட்டைத் தானப் பத்திரமாக எழுதிப் பதிவுக்குக் கொடுத்திருந்தார். எங்கள் அலுவலகம் ரோட்டு மதிப்பைப் போட்டு, அதற்குண்டான முத்திரைக் கட்டணத்தைக் கட்டினால்தான் ஆயிற்று என்று பத்திரத்தை நிறுத்தி வைத்தது. அவர் மனுப் போட்டார்: என் வீட்டு வாசல் சந்துப் பக்கம், சந்து மதிப்பையே போடுங்கள்.

ரோட்டு மதிப்பு என்றால் சோறு போடுகிற ஒரே லேத்தை விற்றுத்தான் கட்ட வேண்டும். மனுவிலேயே அப்படி எழுதியிருந்தார்.

எழுதாதவர் யார்? சம்பந்தம் பேசும்போது மாளிகையாக இருக்கும் வீடு, என்னைக் கண்டதும் மாட்டுக்கொட்டகையாகிவிடும். பதினேழு வருஷமாகப் பார்க்கிறேன்.

ரோட்டுப் பக்கச் சுவரின் நடுவில், சரியாக ஒரு கதவு அளவுக்கு, சிமெண்ட் பூச்சு தனியாகத் தெரிந்தது.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று கேள்விப்பட்டதோடு சரி. முழு வாசலையே சிமெண்டில் மறைப்பவர்களை நேரிலேயே பார்த்திருக்கிறேன். மனுப் போட்ட பிறகு அடைத்தது என்றால், மனு தள்ளுபடி.

“எப்ப அடைச்சீங்க?”

“பன்னெண்டு வருஷமாச்சும்மா.”

எதற்கு என்று கேட்டேன். அவர் டேப்பைச் சுருட்ட ஆரம்பித்தார்.

மகள் சந்தில் நின்றிருந்தாள். பத்திரத்தில் பெயர் இருப்பதால் நான்தான் கடிதம் போட்டு வரவழைத்தேன். வந்ததிலிருந்து வீட்டுக்குள் கால் வைக்கவில்லை. அவரும் வா என்று சொல்லவில்லை. சொத்தைக் கொடுக்கிறவரும் வாங்குகிறவரும் முகம் பார்க்காமல் நிற்பது எனக்குப் புதிதில்லை.

“அப்பா சொல்றது நிஜந்தான் மேடம்” என்றாள் அங்கிருந்தே. “நான் சொல்லாமக் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போன மறுநாள் அடைச்சது.”

பட்டறைக்காரர் என்னைப் பார்த்துத்தான் பேசினார். “வீட்டை எழுதி வெக்கிறது கடமை. அதுக்காக மறந்துட்டேன்னு இல்ல. போனவ ஒரு தடவ திரும்பிப் பாத்தாளா? பாத்திருந்தா அன்னைக்கே இடிச்சிருப்பேன்.”

எனக்கு அந்தக் கதை வேண்டாம். தேதிதான் வேண்டும். கொஞ்சம் கடுப்பாகவே மகள் பக்கம் திரும்பினேன். “நீங்கதான் போயிட்டீங்களே. மறுநாள் அடைச்சது உங்களுக்கு எப்படித் தெரியும்? யாரோ சொன்னதையெல்லாம் நான் எழுத முடியாது.”

“மூணாம் நாள் வந்தேன் மேடம். தட்டலாம்னு பாத்தா கதவு இல்ல. கை வெச்சேன், சிமெண்ட் ஈரமா இருந்துச்சு.”

தேதி, கிழமை எல்லாம் சொன்னாள். அப்பாவின் மனு ஜெயிக்கட்டும் என்றுதான் சொன்னாள். குரலில் வேறு எதுவும் இல்லை.

பட்டறைக்காரர் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டு வருஷம் அதற்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து கோபப்பட்ட மனுஷர். எனக்கு இரண்டு பேர் மேலும் பாவமாக இருந்தது.

பூச்சை நகத்தால் சுரண்டியும் பார்த்தேன். மூன்று முறை வெள்ளையடித்த பழசு. ‘வாசல் சந்துப் பக்கம். மனுவை ஏற்கலாம்’ என்று எழுதி, கையெழுத்துக்கு நீட்டினேன். லேத் தப்பித்தது.

அவர் பேனாவை வாங்கினார். கையெழுத்துப் போடவில்லை.

“இதத் தொறந்தா ரோட்டு ரேட்டுதானேம்மா?”

ஆமாம் என்றேன். லேத்தை நினைவுபடுத்தினேன். பத்திரம் கைக்கு வந்த பிறகு சாவகாசமாகத் திறந்துகொள்ளுங்கள், யார் கேட்கப் போகிறார்கள் என்று, என் உத்தியோகத்தில் இருப்பவள் சொல்லக் கூடாததையும் சொன்னேன்.

மனுவைத் திரும்ப வாங்கிக்கொள்ள ஏதாவது படிவம் உண்டா என்று கேட்டார்.

பையின் அடியில் ஒன்று கிடந்தது. யாருமே கேட்காத படிவம் என்பதால் ஓரமெல்லாம் மடங்கியிருந்தது.

சுவரில் வைத்தே எழுதினார். ‘காரணம்’ என்ற கட்டத்துக்கு வந்தார். இரண்டே வார்த்தை எழுதிக் கொடுத்தார்.

‘மகள் வந்திருந்தாள்.’

ஆள் இதோ நிற்கிறாளே, ‘வந்திருக்கிறாள்’ என்றல்லவா இருக்க வேண்டும் என்று திருத்தப் போனேன். பிறகு பேனாவை மூடிப் பைக்குள் போட்டுக்கொண்டேன்.