பிணத்துக்கு வெளிச்சம்

ஒளிப்பதிவுக் கலையின் மாமேதை ஹார்ட்விக்குக்கு வாழ்நாள் விருது வழங்கப்படுவதாக ஹாம்பர்க் நகரமே அறியும்படி அறிவித்தார்கள். நகரம் அறியவில்லை. தொலைக்காட்சித் துப்பறியும் தொடர்களில் வாரம் ஒரு பிணத்தைப் படம்பிடித்தே வயதானவர் அவர். தன்னையும் யாராவது ஒருமுறை கவனிக்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே ஆசை.

பிணமாக நடிப்பவர்கள் ஈரத் தரையில் நெடுநேரம் படுக்க மாட்டார்கள். அதனால் வெளிச்சம் அமைக்கும்வரை ஹார்ட்விக்கே அங்கே படுத்து, படுத்தபடியே உதவியாளர்களைத் திட்டுவார். பிறகு எழுந்து நடிகருக்கு இடம் விடுவார்.

விழாவுக்காகப் பழைய காட்சிகளைத் தொகுத்த எடிட்டர் சில்கே அவரை அழைத்தாள்.

"என்ன ஹார்ட்விக், எல்லாப் பிணமும் நீயாவே இருக்க? நடிகருங்கல்லாம் லீவா?"

திரையில் அவர்தான் கிடந்தார், படத்துக்குப் படம் வயது கூடி.

"நான் எந்திரிச்சுட்டேனே! நடிகரத்தானே எடுத்தேன். இத்தன வருசமா ஒருத்தர்கூடவா பாக்கல?"

"பிணத்த யாருய்யா பாக்குறாங்க? எல்லாரும் இன்ஸ்பெக்டரத்தான் பாப்பாங்க."

மறுநாள் துறைமுகக் கிடங்கில் படப்பிடிப்பு. ஹார்ட்விக் வழக்கம்போலப் படுத்தார். விளக்குகள் அமைந்தன. திட்டு மட்டும் வரவில்லை.

"சார், எந்திரிங்க, அது என் இடம்" என்று நடிகர் குனிந்து தொட்டார். உடம்பு சில்லிட்டிருந்தது. நடிகர் படுக்காமல் அருகிலேயே நின்றார்.

அடுத்த அறையில் இயக்குநர் மானிட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதில் பிணமாகக் கிடந்தது அந்த நடிகர்.

"பிரமாதம், அப்படியே இரு!" என்று கத்தினார்.

இரண்டாவது டேக் தேவைப்படவில்லை.