நீலத் துண்டு

உடைமரங்களுக்குப் பின்னிருந்து ஏறும் வெயில், வாலாந்தரவை நிலையத்தின் பிளாட்பாரத்தில் ஜெயசுதாவின் நிழலை நீளமாகக் கிடத்தியிருக்கிறது. மூன்றாவது பெட்டி எங்கே நிற்கும் என்பது அவள் கால்களுக்கே தெரியும். மண்டபத்தில் ஏறும் மாரிச்செல்விதான் நாலு வருடமாக நீலத் துண்டை விரித்து அவளுக்கு இடம் பிடித்து வருகிறாள். பரமக்குடி ஜவுளிக்கடை வரைக்கும் ஒரே இயர்போனை ஆளுக்கொரு காதில் மாட்டிக்கொண்டு போவார்கள். கருவாட்டுக் கூடைகளின் வாடையோடு பாசஞ்சர் வந்து நிற்கிறது. ஜன்னலோரம் மாரிச்செல்வி. அவள் தோளை உரசிக்கொண்டு, போன வாரம் கடையில் சேர்ந்த நித்யகலா. இயர்போனின் மறுமுனை அவள் காதில். இரண்டு தலைகளும் ஒரே பாட்டுக்கு ஆடுகின்றன. நாலு வருடம் தன் காதில் இருந்தது நாலே நாளில் கைமாறிவிட்டதே என்று ஜெயசுதாவுக்கு வயிறு எரிகிறது.

"ஏறுடி சுதா, வண்டி கெளம்பப் போகுது" என்கிறாள் மாரிச்செல்வி.

"நான் இன்னைக்கு லீவுடி. எங்க அத்தைய ஏத்திவிட வந்தேன்."

எந்த அத்தையும் வரவில்லை. கழுத்தில் கடையின் அடையாள அட்டை தொங்குகிறது. கையில் சோற்று டப்பா சுடுகிறது. இரண்டையும் பார்த்துவிட்டு மாரிச்செல்வி வாயைத் திறப்பதற்குள் ரயில் நகர்ந்துவிடுகிறது. அடுத்த ஜன்னல் ஜெயசுதாவைக் கடக்கிறது. உள்ளே அத்தனை பேர் நின்றுகொண்டிருக்க, மாரிச்செல்விக்கு எதிர் இருக்கையில் நீலத் துண்டு விரித்தபடியே கிடக்கிறது.