இடுப்புக் கயிற்றில் ஒரு செதில்

செவிலிமேட்டுக் காலை வெயில் மணல் குவியலின் மேல் ஏறுகிறது. அதன் அடியில், எறும்பு தின்ன வந்த அழுங்கு ஒன்று பலாப்பழம்போலச் சுருண்டு கிடக்கிறது. வெளியே செதில்கள், முகம் உள்ளே. யாராவது அடித்துவிடப் போகிறார்களே என்று வனத்துறைக்குப் போன் செய்தவள் நௌஷீன்தான். இப்போது அவளுக்கே வியர்த்துக் கொட்டுகிறது. மகள் ரூக்ஷார் தூக்கத்தில் பயந்து அலறக் கூடாதென்று இடுப்புக் கயிற்றில் கட்டியிருப்பதும் அழுங்குச் செதில். வைத்திருந்தாலே ஜெயிலாம். கட்டிவிட்டவள் பக்கத்து வீட்டில் தறி நெய்யும் ரேணுகாம்பாள். பட்டு நூலில் அவள் போட்டது தறியில் அறுந்த பாவு இழைக்குப் போடும் முடிச்சு, இழுக்க இழுக்க இறுகும். “நகத்தால வராதுமா, பல்லால கடி. நீயே கூப்ட்டுட்டு நீயே நடுங்கிக்கினு கீற,” என்கிறாள் அவள். தெருமுனையில் ஜீப் திரும்புகிறது. நௌஷீன் மண்டியிட்டுக் கடிக்கிறாள். பட்டு நூல் உதட்டை அறுக்கிறது. கூச்சத்தில் நெளியும் குழந்தை மணல் பக்கம் கைநீட்டி, “அம்மி, என்னுது அதுகிட்டயும் இருக்குது,” என்கிறது. நூல் அறுந்து செதில் கையில் விழுகிறது. ஜீப் கதவு சாத்தும் சத்தத்துக்கு அழுங்கு இன்னும் இறுகிச் சுருள்கிறது. செதிலைச் சுற்றி நௌஷீனின் விரல்களும் அப்படியே சுருள்கின்றன.