இருட்டில் தெரியும் கதவு

விளையாட்டை முதல் தடவை ஓடவிட்டபோது, திரையில் இருந்த பெண், பேய் பிடித்தவள் போல ஓடிப்போய் அகழியில் விழுந்தாள்.

"கம்ப்யூட்டர் புதுசு, விளையாட்டு பழசும்மா. அதான் தறிகெட்டு ஓடுது," என்றேன்.

சோபாவில் துணி மடித்துக்கொண்டிருந்த அம்மா சிரித்தாள். வந்ததிலிருந்து அன்றுதான் சிரித்தாள்.

அப்பா போன பிறகு அவளை என்னோடு அழைத்து வந்திருந்தேன். சாப்பிட்டியா, தூங்கினியா என்பதைத் தாண்டி எங்களுக்குள் பேச்சு நீளவில்லை. பழைய வீட்டைக் காலி செய்தபோது கிடைத்தது இந்த விளையாட்டின் சிடி.

லேப்டாப்பில் சிடி போட இடமே கிடையாது. தனியாக ஒரு டிரைவ் வாங்கிச் செருகியிருந்தேன். இது பழைய விண்டோஸ்தான் என்று விளையாட்டை நம்பவைக்கவும், வேகத்தைக் குறைக்கவும் ஏதோ ஒன்றை இறக்கிப் போட்டேன்.

இப்போது திரையில் அந்தப் பெண் நடந்தாள். கையில் விளக்கோடு, கோட்டைக்குள் தொலைந்த தம்பியைத் தேடி, அதே கட்டம் கட்டமான முகத்தோடு.

டிரைவ் உறுமியது. பள்ளிப்பையைக் கழற்றும் முன்பே கணினியைத் தட்டிய சாயங்காலங்கள் வரிசையாக வந்தன.

மதியம் முழுக்க ஆடி, சங்கிலி அறைக்கு வந்ததும் சேமித்துக்கொண்டேன். சின்ன வயதிலும் இங்கேதான் மாட்டிக்கொள்வேன். எந்தச் சங்கிலியை இழுத்தாலும் கூரை இறங்கித் தலையில் உட்காரும். ஒருநாள்கூட நான் இதைத் தாண்டியதில்லை.

"சங்கிலிய விடு. விளக்க அணை. இருட்டானாத்தான் கதவு தெரியும்."

அம்மாதான். துண்டிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

அணைத்தேன். சுவரில் நீலமாக ஒரு கதவு ஒளிர்ந்தது.

"உனக்கு எப்படிம்மா தெரியும்?"

"நீ ஸ்கூலுக்குப் போயிட்டா நாள் பூரா நான் என்னடி பண்ணுவேன்?"

கணினி என் படிப்புக்கென்று அப்பா வாங்கியது. தூசி தட்டுவதற்குத் தவிர அம்மா அதைத் தொட்டு நான் பார்த்ததில்லை.

லேப்டாப்பை அவள் மடியில் வைத்தேன். மூட்டு வீங்கிய விரல்கள் தேடாமலே அம்புக்குறிகளில் போய் அமர்ந்தன.

"தம்பி கிடைப்பானா?"

"கிடைப்பான். எத்தன தடவ கூட்டிட்டு வந்திருக்கேன்."

ஆனால் அவள் அந்தக் கதவுக்குள் போகவில்லை. வெளியே வந்து, புதிய ஆட்டத்தை அழுத்தினாள். கோட்டை வாசல் வந்தது.

"ஏம்மா, விட்ட இடத்துலேருந்தே ஆடேன்."

"அது உன்னோடது. எனக்கு முதல்லேருந்து ஆடித்தான் பழக்கம்."

அந்த விளையாட்டில் ஒரே ஒரு இடத்தைத்தான் சேமித்துவைக்க முடியும். யார் சேமித்தாலும் முன்னது அழிந்துபோகும்.

அத்தனை வருஷத்தில், பள்ளி விட்டு வந்து நான் உட்கார்ந்த எந்தச் சாயங்காலமும் என் இடம் அழிந்திருந்ததில்லை.