வெசிகோமையிட்

ஆழ்கடலில் சிப்பி காலைப் புதைத்து உட்கார்ந்திருந்த வெடிப்பில் கந்தகம் வருவது நின்றுபோச்சு. கந்தகம்தான் அதுக்குச் சோறு.

“பக்கத்து வெடிப்புக்கு நகருடா, செத்துருவே,” என்றது நண்டு.

“நான் யாரு தெரியுமா? வெசிகோமையிட்! கப்பல்லேருந்து இறங்கின மெஷின் என்னைப் பார்த்துத்தான் அப்படிச் சொல்லுச்சு. நானா போய்ச் சோறு தேடணும்?”

“அந்த மெஷின் மேலதான்டா நான் உட்கார்ந்திருந்தேன். பை மாதிரி உப்பின சிப்பின்னு அர்த்தமாம். உங்க குடும்பம் மொத்தத்துக்கும் அதான் பேரு. அங்க பாரு, அத்தனை வெசிகோமையிட்டும் கிளம்பிருச்சு.”

சிப்பி பார்த்தது. உண்மைதான். குட்டிகள்கூடப் போய்க்கொண்டிருந்தன.

“போகட்டும். மெஷின் திரும்ப வரும்போது இங்க ஒரு வெசிகோமையிட்டாவது இருக்கணும்ல?”

நண்டுக்குச் சலித்துவிட்டது. “காலை எடு,” என்று மட்டும் சொன்னது.

சிப்பி எடுக்கவில்லை.