விக்கல் படம்

படம் ஓடிக்கொண்டிருந்தது. முதல் வரிசையில் இருந்த அவன் மனைவி மட்டும் திரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, நாற்காலியில் பின்பக்கமாகத் திரும்பி உட்கார்ந்திருந்தாள்.

பக்கவாட்டுக் கதவோரம் நின்றிருந்த அவனுக்குச் சுருக்கென்றது.

பின்னே, திரையில் இருப்பது வேறு யாராவதா? இவன்தான். திருடப் போன வீட்டில் அலமாரிக்குள் ஒளிந்துகொள்கிறவனுக்கு விக்கல் பிடித்துக்கொள்கிறது. அதுதான் மொத்தக் குறும்படமும். சம்பளம் மத்தியானச் சாப்பாட்டுப் பொட்டலம். கல்யாணம் ஆன நாளிலிருந்து இப்படித்தான், யார் கூப்பிட்டாலும் போய் விழுந்து புரண்டு நடித்துவிட்டு வருகிறான்.

"இதுதான் கடைசி. ஜனங்க சிரிக்கலேன்னா திங்கட்கிழமையே உங்க அண்ணன் பெயின்ட் கடைல போய் உக்காந்துடறேன்" என்று சொல்லித்தான் அவளை அழைத்து வந்திருந்தான்.

அந்த அண்ணனும் வந்திருந்தார். கடைசி வரிசையில் உம்மென்று உட்கார்ந்திருந்தார்.

படம் போட வாடகைக்கு எடுத்திருந்த அந்த டான்ஸ் கிளாஸ் ஹாலில் சிரிப்புச் சத்தம் கேட்கத்தான் செய்தது. அதை எப்படி நம்புவது? வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் டைரக்டரின் சிநேகிதர்கள், மிச்சம் கேமராமேனின் சொந்தபந்தம். டைட்டில் போட்டதற்கே கைதட்டிய கூட்டம் அது.

'கட்டினவளுக்கே பாக்கப் பிடிக்கல. இதுல எனக்கு நடிப்பு ஒரு கேடா' என்று மனசு விட்டுப்போயிற்று.

விளக்கைப் போட்டார்கள். மச்சான் எழுந்து வந்தார்.

"என்னமோ பண்ணியிருக்கீங்க மாப்பிள்ளை. எனக்குச் சிரிப்பு வரல. என் தங்கச்சி கஷ்டப்படறதை எத்தனை நாள்தான் பாத்துக்கிட்டிருக்கறது? பேசாம திங்கட்கிழமை கடைக்கு வந்துடுங்க."

"சரிங்க மச்சான்" என்றான். மனைவி பக்கம் திரும்பினான்.

"ஒரு தடவைகூட நீ படத்தைப் பாக்கலையே."

"அதைப் பாத்து என்ன ஆகப்போகுது? அடுப்படி, பால்கனின்னு ஒரு இடம் பாக்கியில்லாம எனக்கு விக்கிக் காட்டிட்டீங்க. நீங்க நல்லா நடிப்பீங்கன்னு எனக்குத் தெரியாதா?"

"அப்புறம் ஏன் திரும்பி உக்காந்திருந்தே?"

"ஜனங்க சிரிக்கலேன்னா விட்டுடறேன்னு சொன்னீங்கல்ல? வேண்டியவங்க எதுக்கும் சிரிப்பாங்க, அதைக் கணக்குல சேத்துக்க முடியாது. அதான், சிரிக்கவே கூடாதுன்னு கங்கணம் கட்டிக்கிட்டு வந்த ஒரு ஆளை மட்டும் பாத்துக்கிட்டிருந்தேன்."

சொல்லிவிட்டு அண்ணனிடம் திரும்பினாள்.

"அண்ணே, கடைக்கு வேற ஆளைத் தேடிக்கோ. கர்சீப்பை வாயில அடைச்சுக்கிட்டு, கண்ணுல தண்ணி வர்ற அளவுக்கு நீ சிரிச்சதை நான் பாத்துட்டேன்."